ரவுட்டர் எந்திரிக்க மாட்டேங்குதா? வீட்டு லேபில் மெய்நிகர் ரவுட்டர் நிறுவும்போது வரும் கோளாறுகள்

பாளையங்கோட்டையில் எங்கள் வீட்டு மச்சில் சனி, ஞாயிறு சாயங்காலம் ஏழெட்டுப் பிள்ளைகள் லேப்டாப்போடு வந்து உட்காருவார்கள். நெட்வொர்க் வேலைக்குப் போக வேண்டும் என்பது அவர்கள் ஆசை. நிஜ ரவுட்டர் மூன்று வாங்கிப் பழக யாரிடமும் காசு கிடையாது. அதனால் விர்ச்சுவல்பாக்ஸ் (கணினிக்குள் மெய்நிகர் கணினியை ஓட்டும் நிரல்) போட்டு, அதற்குள் ரவுட்டர் மென்பொருளான வையோஸ் அல்லது மைக்ரோடிக்கின் சி.எச்.ஆர். (கிளவுட் ஹோஸ்டட் ரவுட்டர்) ஏற்றி, லேப்டாப்புக்குள்ளேயே ரவுட்டர்களை ஓடவிடுகிறோம். பாடம் நடத்துவதைவிட, ரவுட்டரை எழுப்பி உட்கார வைக்கத்தான் முதல் இரண்டு வாரம் போகும்.

ஏதாவது ஒன்று நின்றால் பிள்ளைகள் முதலில் கேட்பது, "அக்கா, எல்லாத்தையும் அழிச்சிட்டு மறுபடி போடட்டா?" வேண்டாம். கடைமடைக்குத் தண்ணீர் வரவில்லை என்றால் எங்கள் ஊரில் யாரும் வயலைத் தோண்டுவதில்லை. வாய்க்கால் கரையோடு மேலே நடந்துபோய் எந்த மடையில் அடைப்பு என்று பார்ப்பார்கள். இங்கும் அப்படித்தான். திரையில் தெரிகிற கோளாறுக்குக் காரணம் பெரும்பாலும் அதற்கு ஒரு படி மேலே இருக்கும். இறக்கிய கோப்பு, விர்ச்சுவல்பாக்ஸ், லேப்டாப்பின் பயாஸ் (விண்டோஸுக்கு முன்னால் எழும் அடிப்படை அமைப்பு), வட்டு, வயர், கடைசியாக ரவுட் (தகவல் போகும் வழி) என்று மேலிருந்து கீழே வாருங்கள். நானும் அந்த வரிசையிலேயே எழுதுகிறேன்.

கட்டளைகளை ஒலிப்படி தமிழில் எழுதியிருக்கிறேன். அடிக்கும்போது ஆங்கிலச் சிறிய எழுத்தில் அடியுங்கள்.

கோப்பு இறங்கிவிட்டது, ஆனால் பூட் ஆகும்போது "ஸ்குவாஷ்எஃப்எஸ் எரர்" என்று வரிவரியாக ஓடுகிறது

போன மாதம் கல்லிடைக்குறிச்சியிலிருந்து வரும் தம்பிக்கு இதுதான் நடந்தது. "பஸ்ல வரும்போதே போன் டேட்டால இறக்கிட்டேன்க்கா, சைஸு சரியாத்தான் இருக்கு" என்றான். வையோஸ் ஐ.எஸ்.ஓ. (நிறுவும் வட்டின் கோப்பு வடிவம்) சில நூறு எம்.பி. இருக்கும். சேரன்மகாதேவி தாண்டி எங்கோ சிக்னல் விழுந்து எழுந்திருக்கிறது. கோப்பின் அளவைப் பார்த்துச் சரி என்று சொல்லவே முடியாது. நடுவில் நாலு பைட் மாறினாலும் அளவு அதே அளவாகத்தான் காட்டும்.

பார்க்க வேண்டியது, கோப்பின் உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடப்படும் எஸ்.எச்.ஏ.-256 கைரேகை. 64 எழுத்துகள் கொண்ட நீளச் சரம் அது. விண்டோஸில் செவன்-ஜிப் போட்டிருந்தால் கோப்பின்மேல் ரைட் கிளிக் செய்து, "சி.ஆர்.சி. எஸ்.எச்.ஏ." என்ற இடத்தில் எஸ்.எச்.ஏ.-256ஐ எடுங்கள். லினக்ஸில் எஸ்.எச்.ஏ.256சம் என்ற கட்டளை. இறக்கிய பக்கத்தில் அந்தக் கோப்புக்குக் கொடுத்திருக்கும் சரத்தோடு ஒப்பிடுங்கள். முதல் ஆறு எழுத்தும் கடைசி ஆறு எழுத்தும் பார்த்தாலே சேதம் தெரிந்துவிடும். அந்தத் தம்பிக்கு முதல் எழுத்திலேயே மாறியிருந்தது. மறுபடி இறக்கியதும் ஸ்குவாஷ்எஃப்எஸ் பேச்சே வரவில்லை.

பாதியில் நின்ற கோப்பை முதலிலிருந்து இறக்கி டேட்டாவைக் கரைக்காதீர்கள். டபிள்யூ-கெட் கட்டளையோடு ஹைஃபன் சி சேர்த்தால் விட்ட இடத்திலிருந்து தொடரும். அப்படித் தொடர்ந்து இறக்கினால் கைரேகையைக் கட்டாயம் பாருங்கள்.

எதை இறக்குவது என்பதிலும் தடுமாற்றம் வரும். வையோஸில் ரோலிங் வெளியீடு எல்லாருக்கும் இலவசம், எல்.டி.எஸ். (நீண்டகால ஆதரவு) வெளியீடு சந்தாக்காரர்களுக்கு. பழகுவதற்கு ரோலிங் தாராளமாகப் போதும். 2012இல் ரவுட்டர் மென்பொருள் நிறுவனமான வயாட்டாவை ப்ரோகேட் நிறுவனம் வாங்கிய பிறகு, அதன் திறந்த மூல நிரலை எடுத்து 2013இல் பிரித்து வளர்த்ததுதான் வையோஸ். ரோலிங் அடிக்கடி புதிதாகக் கட்டப்படுவதால் ஏதோ ஒரு நாளின் வெளியீட்டில் ஒரு பிழை இருக்கலாம். கைரேகை சரியாக இருந்தும் முரண்டு பிடித்தால் வேறொரு தேதியின் கோப்பை எடுங்கள். மைக்ரோடிக் பக்கத்தில் வரிசையாக ஏகப்பட்ட கோப்புகள் இருக்கும். "கிளவுட் ஹோஸ்டட் ரவுட்டர்" என்ற பகுதிக்குப் போய் வி.டி.ஐ. வட்டை (விர்ச்சுவல்பாக்ஸின் வட்டுக் கோப்பு) இறக்குங்கள். மற்ற பகுதிகளில் இருப்பவை பெரும்பாலும் நிஜ ரவுட்டர் பெட்டிகளுக்கானவை.

சிஸ்கோ ரவுட்டர்களின் இயங்குதளமான ஐ.ஓ.எஸ். படங்களை (இமேஜ் கோப்புகளை)ப் பற்றியும் கேட்கிறார்கள். யாரோ டெலிகிராமில் போட்ட கோப்பை நான் மச்சில் அனுமதிப்பதில்லை. உரிமம் இல்லாத பொருள் அது, உள்ளே என்ன ஒட்டியிருக்கிறது என்றும் யாருக்கும் தெரியாது. சிஸ்கோதான் வேண்டுமென்றால் பாக்கெட் ட்ரேசர் இருக்கிறது. கணக்கு ஒன்று தொடங்கினால் இலவசம்.

விர்ச்சுவல்பாக்ஸ் நிறுவும்போதே நின்றுவிடுகிறது

"விஷுவல் சி பிளஸ் பிளஸ் 2019 ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் தேவை" என்று சொன்னால் அதை மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்து முதலில் போட்டுவிட்டுத் திரும்ப வாருங்கள். நிறுவும்போது இணைய இணைப்பு ஒரு நொடி அறுந்து ஒட்டும். ஆகவே அதே நேரம் ஐ.எஸ்.ஓ. இறக்கிக்கொண்டிருக்காதீர்கள். எம்1, எம்2 போன்ற ஆப்பிள் சில்லு உள்ள மேக் வைத்திருப்பவர்களுக்கு எக்ஸ்86 (இன்டெல், ஏ.எம்.டி. சில்லுக்கான) ரவுட்டர் படம் விர்ச்சுவல்பாக்ஸில் ஓடாது. யூ.டி.எம். என்ற நிரலில் எமுலேட் (வேறு சில்லைப் போலப் பாவனை) செய்யலாம், மெதுவாக நகரும்.

பட்டியலில் 64-பிட் ஒன்றுகூட இல்லை; அல்லது "இந்தக் கெர்னலுக்கு எக்ஸ்86-64 சி.பி.யு. வேண்டும், ஐ686தான் இருக்கிறது" என்று ஆங்கிலத்தில் சொல்லி நிற்கிறது

இரண்டும் அண்ணன் தம்பிக் கோளாறுகள். புது இயந்திரம் உருவாக்கும்போது 32-பிட் வகைகள் மட்டுமே தெரிந்தால் லேப்டாப்பின் பயாஸில் விர்ச்சுவலைசேஷன் (மெய்நிகர் கணினிக்கான சில்லு வசதி) அணைந்து கிடக்கிறது என்று பொருள். டாஸ்க் மேனேஜரில் பெர்ஃபார்மன்ஸ், சி.பி.யு. போய்ப் பாருங்கள். "விர்ச்சுவலைசேஷன்" என்ற வரியில் "எனேபிள்ட்" இருக்க வேண்டும்.

இல்லையென்றால் லேப்டாப்பை முழுதாக அணைத்துவிட்டு, எழும்போது பயாஸுக்குள் போங்கள். டெல், ஏசரில் பெரும்பாலும் எஃப்2, எச்.பி.யில் எஃப்10, லெனோவோவில் எஃப்1 அல்லது எஃப்2. இன்டெல்லில் "விர்ச்சுவலைசேஷன் டெக்னாலஜி" அல்லது வி.டி.-எக்ஸ் என்றிருக்கும். ஏ.எம்.டி.யில் "எஸ்.வி.எம். மோட்". அதை இயக்கிச் சேமித்து வெளியே வாருங்கள். எங்களிடம் வரும் செகண்ட்ஹாண்ட் லேப்டாப்புகளில் பாதிக்குப் பாதி இது அணைந்துதான் வருகிறது. அதனால் புதுப் பிள்ளை வந்தால் முதல் பத்து நிமிடம் இதைத்தான் பார்ப்பேன்.

பயாஸ் சரியாக இருந்தும் ஐ686 செய்தி வந்தால், இயந்திரத்தின் வகையை 32-பிட் என்று கொடுத்திருப்பீர்கள். வையோஸுக்கு "டெபியன் 64-பிட்", சி.எச்.ஆருக்கு "அதர் லினக்ஸ் 64-பிட்" கொடுங்கள்.

ரவுட்டர் எழுகிறது, ஆனால் ஆமையாக நகர்கிறது

இயந்திரத்தின் சாளரத்தில் கீழே வலது ஓரத்தைப் பாருங்கள். பச்சை நிறத்தில் நிஜமாகவே ஒரு ஆமைப் படம் இருக்கிறதா? இருந்தால் விண்டோஸின் சொந்த மெய்நிகர் கணினி வசதியான ஹைப்பர்-வி உங்களுக்கு முன்னாலேயே சில்லைப் பிடித்துக்கொண்டிருக்கிறது. விர்ச்சுவல்பாக்ஸ் அதன் முதுகில் ஏறி ஓடுகிறது. டாக்கர், டபிள்யூ.எஸ்.எல். போட்டவர்களுக்கு இது வரும். விண்டோஸ் செக்யூரிட்டியில் கோர் ஐசொலேஷனுக்குக் கீழே "மெமரி இன்டெக்ரிட்டி" இயங்கினாலும் வரும்.

விண்டோஸ் ஃபீச்சர்ஸ் பட்டியலில் ஹைப்பர்-வி, விர்ச்சுவல் மெஷின் பிளாட்ஃபார்ம், விண்டோஸ் ஹைப்பர்வைசர் பிளாட்ஃபார்ம் மூன்றிலும் டிக்கை எடுத்து ரீஸ்டார்ட் செய்யுங்கள். அப்படியும் ஆமை போகவில்லை என்றால் மெமரி இன்டெக்ரிட்டியை அணைக்க வேண்டிவரும். அது லேப்டாப்பின் பாதுகாப்புக்காக இருப்பது. அப்பாவின் பேங்க் வேலையும் அதே லேப்டாப்பில் நடக்கிறது என்றால் அணைக்காதீர்கள். இரண்டு மூன்று சின்ன ரவுட்டர் ஆமை வேகத்திலும் ஓடும்.

8 ஜி.பி. ராம் உள்ள லேப்டாப்பில் வையோஸுக்குத் தலைக்கு 1024 எம்.பி. கொடுங்கள். 512 கொடுத்துப் பார்த்தோம், பூட் ஆகும்போதே திணறியது. சி.எச்.ஆர். 256 எம்.பி.யிலேயே திருப்தியாக உட்காரும். பழைய லேப்டாப்புக்கு நான் எப்போதும் சி.எச்.ஆரைத்தான் சொல்வேன்.

"நோ பூட்டபிள் மீடியம் ஃபவுண்ட்"

ஸ்டோரேஜில் ஐ.எஸ்.ஓ. செருகப்படவில்லை, அல்லது வட்டு காலியாக இருக்கிறது. சி.எச்.ஆருக்கு ஐ.எஸ்.ஓ.வே வேண்டாம். ஜிப்பைப் பிரித்து, "ஏற்கெனவே உள்ள வட்டைப் பயன்படுத்து" என்ற இடத்தில் வி.டி.ஐ.யைக் காட்டினால் போதும்.

நேற்று ராத்திரி போட்ட கான்ஃபிக் இன்றைக்குக் காணோம்

என்னிடம் அதிகமாக வரும் புகார் இது. மேலப்பாளையத்துப் பிள்ளை ஒருத்தி இரண்டு மணி நேரம் உட்கார்ந்து முகவரியெல்லாம் போட்டுவிட்டு, மறுநாள் வந்து பார்த்தால் வெறும் ரவுட்டர். கண் கலங்கிவிட்டது அவளுக்கு. மூன்று காரணத்தில் ஒன்றுதான் இருக்கும்.

முதலாவது, நிறுவவே இல்லை. வையோஸ் ஐ.எஸ்.ஓ. போட்டதும் பயனர் வையோஸ், கடவுச்சொல் வையோஸ் என்று உள்ளே விட்டுவிடும். முழு ரவுட்டர் போலவே வேலை செய்யும். ஆனால் அது நினைவகத்தில் மட்டும் ஓடுகிற லைவ் வடிவம். அணைத்தால் எல்லாம் போய்விடும். உள்ளே போனதும் "இன்ஸ்டால் இமேஜ்" என்று அடித்து வட்டில் இறக்க வேண்டும். புதிய வெளியீடுகளில் "தொடரலாமா" என்று கேட்கும் இடத்தில் என்டரை மட்டும் தட்டினால் "இல்லை" என்று எடுத்துக்கொள்ளும், ஆகவே ஒய் அடித்துத் தட்டுங்கள். வட்டில் உள்ள தகவலெல்லாம் அழியும் என்று எச்சரிக்கும்போது பயப்படாதீர்கள். அழிவது விர்ச்சுவல்பாக்ஸ் செய்துகொடுத்த வட்டு மட்டும்தான், உங்கள் விண்டோஸ் பக்கம் அதன் கை நீளாது. வட்டு 8 ஜி.பி. டைனமிக்காகக் கொடுத்தால் நிறைய நாளைக்குப் போதும்.

இரண்டாவது, நிறுவிய பிறகு ஐ.எஸ்.ஓ.வைக் கழற்றவில்லை. அடுத்த முறை மறுபடி லைவ்தான் எழும். அந்தப் பிள்ளைக்கு நடந்தது இதுதான். ஐ.எஸ்.ஓ.வைக் கழற்றிவிட்டு எழுப்பியதும், முதல் நாள் நிறுவிய வட்டிலிருந்து ரவுட்டர் எழுந்தது. ஆனால் இரண்டு மணி நேர வேலை லைவில் போட்டது, அது திரும்பவில்லை. மறுபடி போட அவளுக்கு இருபது நிமிடம்தான் ஆனது.

மூன்றாவது, "கமிட்" அடித்தீர்கள், "சேவ்" அடிக்கவில்லை. கமிட் என்றால் இப்போதே நடைமுறைக்கு வரும். சேவ் அடித்தால்தான் அடுத்த முறையும் இருக்கும்.

இரண்டாவது ரவுட்டருக்கு வட்டைச் சேர்த்தால் "இந்த யூ.யூ.ஐ.டி. ஏற்கெனவே இருக்கிறது" என்கிறது

ஒரு வி.டி.ஐ.யை எக்ஸ்ப்ளோரரில் காப்பி, பேஸ்ட் செய்து மூன்று ரவுட்டருக்கும் கொடுக்கப் பார்த்திருக்கிறீர்கள். ஒவ்வொரு வட்டுக்குள்ளும் ஒரு அடையாள எண் பதிந்திருக்கிறது, காப்பி செய்தால் அதுவும் சேர்ந்து காப்பியாகும். ஒரு ரவுட்டரை முழுதாகச் செய்து அணைத்துவிட்டு, விர்ச்சுவல்பாக்ஸுக்குள்ளேயே ரைட் கிளிக் செய்து "குளோன்" போடுங்கள். அப்போது மேக் முகவரி (வலையமைப்பு அட்டையின் அடையாள எண்) பற்றிக் கேட்கும் இடத்தில் "எல்லா அடாப்டருக்கும் புதிய முகவரி உருவாக்கு" என்பதைத் தேர்ந்தெடுங்கள். விட்டுவிட்டால் இரண்டு ரவுட்டருக்கும் ஒரே மேக் இருக்கும், பிங் (எதிர்முனை பதில் தருகிறதா என்று பார்க்கும் சோதனை) ஒரு சமயம் வரும், ஒரு சமயம் வராது. அந்த மாதிரிக் கோளாறைத் தேடுவதுதான் மிகவும் கொடுமை.

வையோஸை குளோன் செய்தால் இன்னொன்றும் நடக்கும். முதல் ரவுட்டரில் ஈத்0, ஈத்1 என்று இருந்த இடைமுகங்கள் (வலையமைப்பு அட்டைகள்) குளோனில் ஈத்2, ஈத்3 என்று எண் தள்ளி நிற்கும். பழைய மேக் முகவரியை எச்.டபிள்யூ.-ஐ.டி. என்ற வரியில் வையோஸ் எழுதி வைத்திருக்கிறது. புது மேக்கைப் பார்த்ததும் இது வேறு அட்டை என்று புது எண் கொடுத்துவிடுகிறது. குளோன் போடுவதற்கு முன்னால் மூல ரவுட்டரில் ஒவ்வொரு இடைமுகத்திலும் "டிலீட்" கட்டளையால் அந்த வரியை நீக்கி, கமிட், சேவ் செய்து, அணைத்து, பிறகு குளோன் போடுங்கள். இடையில் ஒருமுறை எழுப்பிவிட்டால் வரி திரும்ப வந்துவிடும்.

எல்லா ரவுட்டருக்கும் 10.0.2.15 என்றே முகவரி வருகிறது, ஒன்றையொன்று பார்க்கவில்லை

அடாப்டர் "நாட்" நிலையில் இருக்கிறது. அந்த நிலையில் ஒவ்வொரு இயந்திரத்துக்கும் விர்ச்சுவல்பாக்ஸ் தனித்தனி அறை கட்டிவிடுகிறது, அறைக்கு அறை கதவு கிடையாது. ரவுட்டர்களை இணைக்க "இன்டர்னல் நெட்வொர்க்" போட்டு, வயருக்கு ஒரு பெயர் கொடுங்கள். வயரின் இரண்டு முனையிலும் பெயர் எழுத்துக்கு எழுத்து ஒன்றாக இருக்க வேண்டும், பின்னால் ஒரு வெற்றிடம் ஒட்டியிருந்தாலும் அது வேறு வயர். "ஷோ இன்டர்ஃபேசஸ்" அடித்துப் பாருங்கள். யு/யு என்றிருந்தால் நல்லது. யு/டி என்றிருந்தால் "கேபிள் கனெக்டட்" டிக் விழவில்லை. ஏ/டி என்றால் நீங்களே அணைத்து வைத்திருக்கிறீர்கள்.

வைஃபையோடு "பிரிட்ஜ்டு" (ரவுட்டரை நேரே வீட்டு வலையமைப்பில் சேர்க்கும் நிலை) போட்டு மல்லுக்கட்டாதீர்கள். அக்சஸ் பாயின்ட் பல சமயம் லேப்டாப்பின் மேக்கைத் தவிர வேறெதையும் ஏற்காது.

ஜி.என்.எஸ்.3 (ரவுட்டர் லேப் அமைக்கும் நிரல்) வைத்திருப்பவர்களுக்கு ஒரே வார்த்தை: விண்டோஸில் போட்ட நிரலும் ஜி.என்.எஸ்.3 வி.எம்.மும் கடைசிப் புள்ளி எண் வரை ஒரே பதிப்பாக இருக்க வேண்டும். அதே மாதிரி நிரலான ஈ.வி.ஈ.-என்.ஜி.யில் ரவுட்டர் படம் பட்டியலில் சாம்பல் நிறமாகவே இருந்தால் கோப்புறையின் பெயர் தவறு. வையோஸ், ஹைஃபன், பதிப்பு எண் என்று தொடங்க வேண்டும், உள்ளே வட்டின் பெயரும் அது கேட்கிறபடியே இருக்க வேண்டும். மாற்றிய பிறகு "ஃபிக்ஸ்பர்மிஷன்ஸ்" ஓட்ட மறக்காதீர்கள்.

சி.எச்.ஆர். வழியாகக் கோப்பு அனுப்பினால் 1 எம்.பி.பி.எஸ்.ஸுக்கு மேல் ஏறவில்லை

கோளாறு இல்லை. இலவச உரிமத்தில் ஒவ்வொரு இடைமுகத்துக்கும் அனுப்பும் வேகம் அவ்வளவுதான், ஆனால் காலக்கெடு கிடையாது. ரவுட்டிங் பழக அது போதும். வேகம் பார்க்க வேண்டுமானால் மைக்ரோடிக் கணக்கு தொடங்கி 60 நாள் சோதனை உரிமம் எடுக்கலாம்.

பக்கத்து ரவுட்டருக்கு பிங் போகிறது, அதற்கு அடுத்ததற்குப் போகவில்லை

எங்கள் லேபில் மூன்று ரவுட்டருக்கும் தாமிரபரணி அணைக்கட்டுகளின் பெயர்: கன்னடியன், சுத்தமல்லி, மருதூர். ஆற்றின் வரிசை பிள்ளைகளுக்கு மனப்பாடம், அதனால் எது எதற்கு மேலே என்று குழப்பம் வராது. கன்னடியனுக்கும் சுத்தமல்லிக்கும் நடுவே 10.0.12.0/30. சுத்தமல்லிக்கும் மருதூருக்கும் நடுவே 10.0.23.0/30. கன்னடியனின் பின்னால் 192.168.1.0/24, மருதூரின் பின்னால் 192.168.3.0/24, இரண்டையும் டம்மி (வயர் இல்லாத மெய்நிகர்) இடைமுகத்தில் போட்டிருக்கிறோம்.

கல்லிடைக்குறிச்சித் தம்பி கன்னடியனில் உட்கார்ந்து 192.168.3.1க்கு பிங் விட்டான். பதில் இல்லை. "ரவுட் எல்லாம் போட்டுட்டேன்க்கா, மருதூர்லயும் 192.168.1.0க்கு வழி போட்டாச்சி, ஆனாலும் வர மாட்டேங்கு. ரவுட்டரே சரியில்லபோல, அழிச்சிட்டு..."

"ஏல, அழிக்காத. மருதூர்ல போய்ப் பாரு."

மருதூரில் "மானிட்டர் டிராஃபிக் இன்டர்ஃபேஸ் ஈத்0" போட்டோம். திரையில் ஒவ்வொரு நொடியும் ஒரு "எக்கோ ரிக்வஸ்ட்" (பிங்கின் கேள்வி) வந்து விழுந்தது. "எக்கோ ரிப்ளை" (அதற்கான பதில்) ஒன்றுகூட இல்லை. அதாவது போகிற பாதை முழுதும் சரி. திரும்புகிற பாதையில்தான் அடைப்பு. ஆற்றுத் தண்ணீர் கன்னடியனிலிருந்து மருதூருக்கு வந்தால் போதும், திரும்பிப் போக வேண்டியதில்லை. பிங் போய்த் திரும்பவும் வேண்டும்.

"திரும்பிப் போறதுக்குத்தான் வழி போட்டிருக்கேனே?" என்றான்.

"வந்த பாக்கெட்டுல அனுப்புன ஆளு யாருன்னு பாரு."

குனிந்து பார்த்தான். அனுப்பியவர் இடத்தில் 10.0.12.1 இருந்தது. ரவுட்டரில் உட்கார்ந்து பிங் விட்டால் பாக்கெட் எந்த இடைமுகம் வழியாக வெளியேறுகிறதோ அதன் முகவரியைப் போட்டுக்கொண்டு கிளம்பும். மருதூருக்கு 192.168.1.0 தெரியும், 10.0.12.0 தெரியாது. யாருக்குப் பதில் அனுப்புவது என்று தெரியாமல் அது பாக்கெட்டைக் கீழே போட்டது.

இதைச் சரிசெய்ய இரண்டு வழி. பிங் கட்டளையின் பின்னால் "சோர்ஸ்-அட்ரஸ் 192.168.1.1" என்று சேர்த்து, பின்னால் இருக்கும் வலையமைப்பின் பெயரிலேயே அனுப்பலாம். அல்லது மருதூரில் "செட் புரோட்டோகால்ஸ் ஸ்டாட்டிக் ரவுட் 10.0.12.0/30 நெக்ஸ்ட்-ஹாப் 10.0.23.1" என்று போடலாம். அவன் இரண்டாவதைப் போட்டு, கமிட் அடித்து, நான் சொல்லாமலே சேவும் அடித்தான். கன்னடியனுக்குத் திரும்பி வந்து பிங் விட்டான். வரி வந்தது, கடைசியில் டி.டி.எல். (பாக்கெட்டின் மிச்ச ஆயுள் எண்) 63.

"64 தான வரணும், ஒண்ணு எங்கக்கா போச்சு?"

"நடுவுல சுத்தமல்லி எடுத்துக்கிட்டு" என்றேன். அவன் நோட்டைத் திறந்து மூன்று வட்டம் போட்டு, நடு வட்டத்தின்மேல் 1 என்று எழுதிக்கொண்டான்.